‘மெஷின் பழசுங்ணா’

சேலம் ஐந்து ரோட்டுக் கடையில் கேட்டாலும் சரி, ராசிபுரத்தில் மாடிப்படி ஏறிப்போய் ஒரு சின்ன ஸ்டுடியோவில் கேட்டாலும் சரி, எடிட்டிங் மெஷின் திணறுகிறது என்று சொன்னால் கிடைக்கிற பதில் ஒன்றுதான். “சாஃப்ட்வேர் பழசுங்ணா, மெஷினும் பழசு. இதுக்கு மேல ஒண்ணும் பண்ண முடியாதுங்ணா. ஐ9 போட்டு நல்ல கிராபிக்ஸ் கார்டு ஒண்ணு மாட்டிட்டா பறக்கும்.” சொல்பவர் கடைக்காரர் என்றால் அவருக்கு ஒரு வியாபாரக் கணக்கு இருக்கிறது, விட்டுவிடலாம். எடிட்டர்களே இதை ஒருவருக்கொருவர் சொல்லிக்கொள்வதுதான் விசித்திரம். வைகாசி முகூர்த்தங்கள் முடிந்த கையோடு கடன் வாங்கி மெஷினை மாற்றுகிறார்கள். ஆடியில் வேலையில்லாமல் தவணை கட்டுகிறார்கள். அடுத்த தையில் புது மெஷினும் திணறுகிறது. அப்போதும் யாரும் முதல் தீர்ப்பைச் சந்தேகிப்பதில்லை. “இன்னும் கொஞ்சம் பெரிசா போட்டிருக்கணுங்ணா” என்கிறார்கள்.

அந்தத் தீர்ப்பு பெரும்பாலான ஸ்டுடியோக்களைப் பொறுத்தவரை பிழையானது. டைம்லைனைத் திக்க வைப்பது சாஃப்ட்வேரின் வயதில்லை. கேமரா எந்த வகையில் ஃபைலை எழுதித் தருகிறது, அதை எப்படி எடிட்டருக்குள் கொண்டுவருகிறோம், பெட்டிக்குள் என்ன நடக்கிறது என்ற மூன்றையும் பார்க்காமல் பதிப்பு எண்ணைப் பார்த்தே முடிவு கட்டிவிடுகிறோம்.

முதலில் இங்கே நடக்கிற வேலை என்ன என்று சொல்லிவிட வேண்டும். 1935இல் டி.ஆர். சுந்தரம் மாடர்ன் தியேட்டர்ஸைத் தொடங்கிய ஊர் சேலம். அதன் நுழைவாயில் வளைவு ஏற்காடு சாலையில் இன்னும் நிற்கிறது. ஆனால் இன்று இந்தச் சமவெளியில் வெட்டி ஒட்டப்படுகிற படம் கல்யாணப் படம்தான். முதல் நாள் மாலை வரவேற்பு, விடியுமுன் முகூர்த்தம், கொங்குக் குடும்பம் என்றால் இணைச்சீர், மங்கல வாழ்த்து என்று நீளும் சீர்கள். இரண்டு மூன்று கேமரா ஓடும். மேடையேறி வாழ்த்துகிற ஒவ்வொரு குடும்பமும் படத்தில் இருந்தாக வேண்டும். ஒரு பெரியப்பா விட்டுப்போனால் அவருக்குப் பதில் சொல்ல வேண்டியவர் மாப்பிள்ளையின் அப்பா. கடைசியில் இரண்டு மூன்று மணி நேரப் படம் பென்டிரைவில் ஏறி வீட்டு டிவியில் ஓடும். அதில் இருப்பவை வெட்டு, கரைப்பு, நிறத் திருத்தம், டைட்டில், பாட்டு. இவற்றில் பத்து வருடத்துக்கு முந்தைய எடியஸ் சாஃப்ட்வேரால் செய்ய முடியாதது எது? கேட்டால் பதில் வராது. “புது வெர்ஷன் வந்துடுச்சுங்ணா” என்பது பதிலாகாது.

எடியஸை உதாரணமாக எடுப்பதற்குக் காரணம் உண்டு. நம் பக்கத்துக் கல்யாண ஸ்டுடியோக்களில் அது அவ்வளவு பரவலாக வேரூன்றிய சாஃப்ட்வேர். ஜப்பானின் கோபே நகரத்துக் கேனோபஸ் நிறுவனம் அதை 2003இல் வெளியிட்டது. பின்னர் கேனோபஸ் கிராஸ் வேலியின் கைக்குப் போனது. 2010இல் எடியஸ் 6, 2012இல் 6.5, 2013இல் 64-பிட்டுக்கு மாறிய எடியஸ் 7, 2015இல் எடியஸ் 8 என்று வளர்ந்தது. ரெண்டருக்குக் காத்திருக்காமல் டைம்லைனை அப்படியே ஓட்டிப் பார்க்கலாம் என்பதுதான் அது பேர் வாங்கிய குணம். மினிடிவி கேசட் காலத்தில், பானசோனிக் எம்டி10000மும் சோனி பிடி170 கேமராவும் ஓடிய காலத்தில், இன்றைய ஃபோனைவிடப் பலவீனமான கம்ப்யூட்டரில் அந்தக் குணம் வெளிப்பட்டது. அதே சாஃப்ட்வேர் இன்று அதைவிடப் பல மடங்கு பலமுள்ள கம்ப்யூட்டரில் திக்குகிறது என்றால், நடுவில் மாறியது சாஃப்ட்வேர் அல்லவே. மாறியது ஃபுட்டேஜ்.

கணக்கைப் பாருங்கள். மினிடிவி கேசட்டின் ஃபார்மட்டில் ஒரு ஃப்ரேம் 720க்கு 576 புள்ளிகள். ஒரு மணி நேரத்துக்குச் சுமார் 13 ஜிபி. முழு எச்டியில் 1920க்கு 1080, அதாவது சரியாக ஐந்து மடங்கு புள்ளிகள். ஆனால் 2006இல் சோனியும் பானசோனிக்கும் சேர்ந்து கொண்டுவந்த ஏவிசிஎச்டி ஃபார்மட்டில், விநாடிக்கு 24 மெகாபிட் வேகத்தில், ஒரு மணி நேர எச்டி 11 ஜிபிக்குள் அடங்கிவிடும். ஐந்து மடங்கு படம், முன்னைவிடக் குறைந்த இடம். எப்படி முடிந்தது? மினிடிவியில் ஒவ்வொரு ஃப்ரேமும் தனக்குத் தானே முழுமை. ஏவிசிஎச்டிக்குள் இருக்கிற எச்.264 எப்போதாவது ஒரு ஃப்ரேமை மட்டும் முழுதாக எழுதுகிறது. மற்றவற்றில் முன்னும் பின்னும் உள்ள ஃப்ரேம்களிலிருந்து என்ன மாறியது என்பதை மட்டும் குறித்துக்கொள்கிறது.

மொய் நோட்டில் ஒவ்வொரு வரியிலும் ஊர், பெயர், தொகை என்று முழுதாக எழுதியிருந்தால் எந்த வரியையும் நேராகப் படித்துவிடலாம். ‘மேற்படியார் தம்பி, மேற்படி ஊர், மேற்படியைவிட நூறு கூட’ என்றே எழுதிக்கொண்டு போனால் நோட்டு மெலியும். நாற்பதாவது வரியில் இருப்பவர் யார் என்று தெரிய மேலிருந்து படித்துக்கொண்டு வர வேண்டும். எடிட்டர் டைம்லைனில் முன்னும் பின்னும் இழுத்துப் பார்க்கும் ஒவ்வொரு முறையும் ப்ராசஸர் இந்த வேலையைத்தான் செய்கிறது. படத்தை நேராக ஓடவிட்டால் சமாளிக்கும், தாலி கட்டுகிற நொடியைத் தேடிப் பின்னால் இழுத்தால் நின்றுவிடும். மூன்று கேமராவை ஒரே நேரத்தில் அடுக்கினால் மூன்று நோட்டு.

இதற்கு மருந்தும் பழைய பெட்டியிலேயே இருக்கிறது. ஃபுட்டேஜை கேனோபஸின் எச்க்யூ ஃபார்மட்டுக்கு மாற்றிவிட்டு எடிட்டில் இறங்குவது. எச்க்யூவில் ஒவ்வொரு ஃப்ரேமும் தனித்து நிற்கும். ஃபைல் நாலைந்து மடங்கு பெருக்கும், ஆனால் ப்ராசஸர் மூச்சு விடலாம். இது வசதியில்லாதவன் கண்டுபிடித்த குறுக்கு வழி என்று இளைய எடிட்டர்கள் சிலர் உதட்டைப் பிதுக்குகிறார்கள். ஆனால் எடியஸ் 5 காலத்தில் ஏவிசிஎச்டியை எச்க்யூவாக்கும் தனிக் கருவியையே நிறுவனம் கூடவே கொடுத்தது. செய்தவர்களுக்கே அன்று தெரிந்திருந்த விஷயம் இது. இரவு படுக்கப் போகும்போது கன்வர்ட்டில் போட்டுவிட்டுப் போனால் காலையில் தயாராக இருக்கும். எடிட்டிங்கைத் தொழிலாகக் கற்றவர்கள் அப்படித்தான் செய்தார்கள். மெமரி கார்டிலிருந்து நேராக டைம்லைனுக்கு இழுத்துப் போடுகிற பழக்கம் பின்னால் வந்தது. அந்தப் பழக்கத்தின் விலையைத்தான் புது மெஷின் வாங்கிக் கட்டிக்கொண்டிருக்கிறோம்.

பழைய சாஃப்ட்வேர் என்றால் மட்டமான வேலை என்று நினைப்பவர்களுக்குத் தென்கொரியாவின் ‘பாரசைட்’ படத்தைச் சொல்ல வேண்டும். 2020 பிப்ரவரியில் சிறந்த படத்துக்கான ஆஸ்கர் வாங்கியது, எடிட்டிங்குக்கும் பரிந்துரையானது. அதன் எடிட்டர் யாங் ஜின்-மோ அதை வெட்டியது ஃபைனல் கட் புரோ 7இல். 2009இல் வந்த பதிப்பு அது. 2011இல் அடுத்த தலைமுறையைக் கொண்டுவந்தபோது ஆப்பிள் அதன் விற்பனையையே நிறுத்திவிட்டது. அவர் கைக்குப் பழகிய கருவி, வேலைக்குப் போதுமானது, அவ்வளவுதான். “அது சினிமாங்க, நமக்கு ஒத்துவருமா?” என்று கேட்பார்கள். சினிமாவில் எடிட்டர் முன்னால் ஓடுவது பெரும்பாலும் கேமராவின் மூல ஃபைல் கிடையாது, எடுத்தாள வசதியாக மாற்றிய நகல். நாம் விட்டுவிட்ட அதே வழி.

கிராபிக்ஸ் கார்டு விஷயத்துக்கு வருவோம். இந்த வட்டாரத்தில் எடிட்டர்களின் பணம் அதிகம் வீணாவது இங்கேதான் என்பது என் எண்ணம். பழைய எடியஸ் அடிப்படையில் ப்ராசஸரை நம்பி ஓடுவது. சில டிரான்ஸிஷன்களுக்குக் கிராபிக்ஸ் கார்டைத் தொடும். எச்.264 ஃபைலைப் பிரித்துக் காட்டுகிற கனமான வேலையை என்விடியா கார்டிடம் ஒப்படைக்க அதற்குத் தெரியாது. எடியஸ் 8க்கு ஆர்டிஎக்ஸ் கார்டு வாங்கி மாட்டியவர் வாங்கியது பெரும்பாலும் விசிறிச் சத்தம்.

இன்னும் சுவையான ஒன்று உண்டு. இன்டெல் 2011இல் தன் இரண்டாம் தலைமுறை கோர் ப்ராசஸர்களில் குயிக் சிங்க் என்று ஒரு வசதியைக் கொடுத்தது. எச்.264ஐப் பிரிக்கவும் கட்டவும் ப்ராசஸருக்குள்ளேயே தனியாக ஒரு பகுதி. எடியஸ் அதை நன்றாகப் பயன்படுத்திக்கொண்டது, ஃபைலை வெளியே எடுக்கும்போது வித்தியாசம் கண்ணுக்குத் தெரியும். ஆனால் அந்தப் பகுதி இருப்பது ப்ராசஸரோடு கூடவே வருகிற இன்டெல் கிராபிக்ஸில். தனிக் கார்டு மாட்டியதும் பல மதர்போர்டுகள் அந்த உள் கிராபிக்ஸை அணைத்துவிடும். பயாஸுக்குள் போய்த் திரும்ப ஆன் செய்ய வேண்டும், விண்டோஸ் 7 என்றால் அதில் ஒரு மானிட்டரையும் இணைக்க வேண்டும். இதைக் கடையில் யாரும் செய்து தருவதில்லை. விளைவு என்ன? புதுக் கார்டு வந்த பிறகு எக்ஸ்போர்ட் முன்பைவிட மெதுவாகிறது. “சாஃப்ட்வேர் பழசு, கார்டுக்கு ஈடு கொடுக்கலை” என்று அதற்கும் ஒரு விளக்கம் தயாராக இருக்கும்.

இதைவிட மோசம், பேர்க் கடைசியில் ‘எஃப்’ எழுத்து உள்ள இன்டெல் ப்ராசஸர்கள். விலை கொஞ்சம் குறைவு என்று கொட்டேஷனில் தாராளமாக எழுதிவிடுகிறார்கள். எஃப் என்றால் உள் கிராபிக்ஸ் இல்லை, உள் கிராபிக்ஸ் இல்லை என்றால் குயிக் சிங்க் இல்லை. கேம் விளையாடுகிற பையனுக்கு அதனால் நஷ்டமில்லை. எடியஸ் எடிட்டருக்கு அது, வாங்கும்போதே ஒரு கையைக் கட்டிப்போட்டுக்கொள்வது. பத்து வருடத்துக்கு முந்தைய நான்காம் தலைமுறை ஐ7, இந்த ஒரு வேலையில், எஃப் எழுத்துள்ள புது ப்ராசஸருக்குச் சவால் விடுவதன் ரகசியம் இதுதான்.

ராம் விஷயம் சுருக்கமானது. எடியஸ் 6.5 வரை 32-பிட். 4 ஜிபிக்கு மேல் அதற்கு எட்டாது. அதை வைத்துக்கொண்டு 32 ஜிபி ராம் போட்டால் மீதி ராம் சும்மா கிடக்கும். எடியஸ் 7க்கு மாறினால் அந்தத் தடை நீங்கும், இது பதிப்பு மாற்றத்துக்கு நியாயமான காரணம், ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அப்படி மாறியவர்களில் பலர் இன்னொன்றையும் கண்டார்கள். 32-பிட்டில் ஓடிய பிளக்-இன்கள் புதியதில் ஏறவில்லை. வருடக்கணக்காகச் சேர்த்த டைட்டில் ப்ராஜெக்ட்டுகளில் பாதி வெறும் பெட்டிகளாக நின்றன. புதுப் பதிப்பின் விலையில் இதையும் சேர்க்க வேண்டும், யாரும் சேர்ப்பதில்லை.

இனி பெட்டிக்குள். பள்ளிபாளையத்தில் விசைத்தறிச் சத்தத்துக்கு நடுவே, தகரக் கூரை போட்ட மாடியில் ஒரு ஸ்டுடியோ. 2011 வாக்கில் வந்த ஐ7-2600 மெஷின். மதியம் ஆனால் எடியஸ் நகர மறுக்கிறது, இரவில் பரவாயில்லை என்றார் அதை வைத்திருந்தவர். இந்த ஒரு வாக்கியத்திலேயே விடை இருந்தது. சாஃப்ட்வேரின் வயது மதியத்துக்கும் இரவுக்கும் மாறாது. பக்கவாட்டுத் தகட்டைக் கழற்றினால் ப்ராசஸர் மேல் உள்ள விசிறிக்கும் அலுமினியத் தகடுகளுக்கும் இடையில் தறிப்பஞ்சு அடைத்துக் கிடந்தது, நகம் நுழைய இடமில்லை. வெப்பம் 100 டிகிரியை நெருங்கியதும் ப்ராசஸர் தன்னைக் காப்பாற்றிக்கொள்ள வேகத்தைத் தானே குறைத்துக்கொள்ளும். 3.4 கிகாஹெர்ட்ஸில் ஓட வேண்டியது பாதி வேகத்தில் ஊர்ந்துகொண்டிருந்தது. பஞ்சை எடுத்து, காய்ந்து பொடியாகிப்போன தெர்மல் பேஸ்ட்டைச் சுரண்டிப் புதிதாகத் தடவி மூடியதும் மெஷின் மதியத்திலும் இரவு மாதிரி ஓடியது. அந்த மெஷினுக்கும் ஒரு கடையில் ‘பழசுங்ணா’ தீர்ப்பு ஏற்கெனவே வழங்கப்பட்டிருந்தது. சித்திரையில் 40 டிகிரியைத் தொடுகிற ஊர், தறியும் லாரியும் கிளப்புகிற தூசி. இங்கே கம்ப்யூட்டர் மெதுவானால் முதலில் ஸ்க்ரூடிரைவரைத்தான் எடுக்க வேண்டும், கொட்டேஷனை அல்ல.

ஹார்ட் டிஸ்க்கும் அப்படியே. மூன்று கேமரா ஃபுட்டேஜும் ஒரே சுழலும் டிஸ்க்கில் இருந்தால் அதன் முள் மூன்று இடத்துக்கும் மாறி மாறி ஓட வேண்டும். எச்க்யூ ஃபைல் பெரியது என்பதால் இங்கே சிக்கல் கூடும். ஆகவே நடப்பு வேலைக்கு ஒரு சாட்டா எஸ்எஸ்டி, முடிந்த வேலைகளுக்குப் பழைய டிஸ்க். இந்தச் செலவு தண்டச் செலவில்லை. பழைய மெஷினுக்குள் போடத் தகுந்த பணம் என்று ஒன்று உண்டென்றால் அது இதுதான்.

எதிர்த்தரப்பில் உண்மையே இல்லை என்று சொல்ல மாட்டேன். அவர்களுடைய பலமான வாதம் புதுக் கேமராக்கள். சோனி ஏ7எஸ் 3 மாதிரியான கேமரா 2020 முதல் 4கே, 10-பிட், 4:2:2, எச்.265 என்று எழுதுகிறது. எடியஸ் 6.5 வந்தது 2012இல், எச்.265 தரம் வெளியானது 2013இல். தான் பிறந்த பிறகு வந்த ஃபார்மட்டை அது எப்படித் திறக்கும்? வேறு கருவியில் மாற்றலாம், ஆனால் பழைய ப்ராசஸர் அதற்கு இரவு பகலாக உழைக்க வேண்டும். முழுக்க இந்த வகையில் எடுப்பவருக்குப் புது மெஷின் தேவை, மறுக்கவில்லை. அப்போதாவது சரியானதை வாங்குங்கள் என்கிறேன். 4:2:2 எச்.265ஐ வன்பொருளில் பிரிப்பது இன்டெல்லின் 11ஆம் தலைமுறை முதல் வரும் உள் கிராபிக்ஸ். என்விடியா கார்டுகளுக்கு அந்தத் திறமை வந்ததே 2025இல், ஆர்டிஎக்ஸ் 50 வரிசையில்தான். அதற்கு முந்தைய ஆர்டிஎக்ஸ் 3060ஐ இந்த வேலைக்கென்று வாங்கியவர்கள் நம் ஊரில் எத்தனை பேர்! மறுபடியும் எஃப் எழுத்து ப்ராசஸரோடு சேர்த்து வாங்கியவர்கள்.

அதற்கும் முன்னால் ஒரு கேள்வி. பென்டிரைவில் எச்டியாகப் போகிற வரவேற்பு மேடைக்கு, ஒரே இடத்தில் நிற்கிற இரண்டாவது கேமராவில், 10-பிட் 4கே எதற்கு? அதே கேமராவின் மெனுவில் எச்.264 எச்டி இருக்கிறது. முகூர்த்தத்துக்கும், ஜோடியை வெளியே அழைத்துப்போய் எடுக்கிற பாட்டுக்கும் உயர்ந்ததைப் பயன்படுத்திக்கொள்ளலாம். படத்தைப் பெரிதாக்கி வெட்ட 4கே உதவும் என்பதும் உண்மை. இரண்டு மணி நேரம் வரிசையில் வந்து கவர் கொடுத்துவிட்டுப் போகிற உறவினர்களை வெட்ட அது உதவாது. உறவினர் ஃபோனில் எடுத்த துண்டுகள் வேறு கதை. ஃபோன் ஒரே சீரான ஃப்ரேம் வேகத்தில் எழுதுவதில்லை, அதனால் பழைய எடிட்டரில் ஒலி மெல்ல விலகும். ஹேண்ட்பிரேக் மாதிரியான இலவசக் கருவியில் வேகத்தைச் சீராக்கிவிட்டு ஏற்றினால் போதும். இதற்கும் மெஷினைத்தான் திட்டுகிறார்கள்.

இரண்டாவது வாதம் திருட்டுப் பிரதி. ‘பழைய பதிப்பைக் கட்டிக்கொண்டு அழுகிறவர்கள் எல்லாம் காசு கொடுக்காதவர்கள்’ என்கிறார்கள். இந்தத் தொழிலில் கிராக் செய்த சாஃப்ட்வேர் ஓடுவது ஊரறிந்தது, அதற்கு வக்காலத்து வாங்கப் போவதில்லை. ஆனால் உண்மை நேர்மாறு என்று தோன்றுகிறது. ஓயாமல் பதிப்பு மாற்றுகிற நோயை வளர்த்ததே கிராக்தான். சாஃப்ட்வேருக்கு விலை இல்லாதபோது யார் தேவையைக் கணக்குப் பார்ப்பார்கள்? எது கடைசி எண்ணோ அது இறங்கும். அதைத் தாங்க மெஷின் மாறும். கையிலிருந்து பணம் கொடுத்து லைசென்ஸ் வாங்கியவர், தன் கேமராவை வைத்து ஓட்டுகிற மாதிரி, சாஃப்ட்வேரையும் ஐந்தாறு வருடம் வைத்து ஓட்டுவார். பிரீமியர் புரோ பக்கம் நிலைமை இன்னும் கறார். சிஎஸ்6க்குப் பிறகு 2013 முதல் எல்லாம் சந்தா. 2019 மே மாதத்தில், பழைய கிரியேட்டிவ் கிளவுட் பதிப்புகளைப் பயன்படுத்த இனி உங்களுக்கு உரிமை இல்லை என்று அடோபி தன் சந்தாதாரர்களுக்கே கடிதம் அனுப்பியது. ஒழுங்காகப் பணம் கட்டியவரிடமிருந்தும் பழகிய பதிப்பைப் பிடுங்க முடியும் என்பது அன்று தெரிந்தது. ஒருமுறை வாங்கிய பழைய லைசென்ஸைப் பத்திரமாக வைத்திருப்பவரைப் பிழைக்கத் தெரியாதவர் என்று சொல்வதற்கு முன்னால் அந்தக் கடிதத்தை ஒருமுறை நினைத்துக்கொள்ளலாம்.

இப்போது புதிதாக ஒரு மிரட்டல் சேர்ந்திருக்கிறது. விண்டோஸ் 10க்கு மைக்ரோசாஃப்ட் 2025 அக்டோபர் 14ஓடு ஆதரவை நிறுத்தியது. விண்டோஸ் 11ஓ இன்டெல்லின் எட்டாம் தலைமுறைக்கு முந்தைய ப்ராசஸர்களைப் பெரும்பாலும் ஏற்பதில்லை. உடனே ‘அண்ணா, இனி இந்த மெஷின் சட்டப்படி செத்துப்போச்சுங்ணா’ என்கிற ரீதியில் பேச்சு. இணையத்தில் இருக்கிற மெஷினுக்கு அந்த ஆபத்து உண்மையானது. பாதுகாப்புத் திருத்தம் வராத கம்ப்யூட்டரில் பாங்கு வேலை பார்ப்பது புத்தியல்ல. ஆனால் எடிட்டிங் மெஷினுக்கு இணையம் எதற்கு? நெட் கேபிளைக் கழற்றிவிட்டு, முடிந்த ஃபைலைப் பென்டிரைவில் எடுத்து, பக்கத்தில் இருக்கிற சாதாரண லேப்டாப்பில் வைரஸ் பார்த்து, அங்கிருந்து வாடிக்கையாளருக்கு அனுப்பலாம். விண்டோஸ் 7 நின்றது 2020 ஜனவரியில். அதில் எடியஸ் 6.5ஐ இப்படித் தனியாக வைத்து, போன தை முகூர்த்தத்துக்கும் கேசட் காலத்திலிருந்து வாடிக்கையாக வரும் குடும்பங்களின் படத்தைப் பிசகாமல் முடித்துக்கொடுத்த ஸ்டுடியோக்கள் திருச்செங்கோட்டிலும் ஆத்தூரிலும் இருக்கின்றன. பழைய ப்ராஜெக்ட்டைத் திரும்பத் திறந்து ஒரு பெயரைத் திருத்தித் தரச் சொன்னால் அவர்களால் அன்றே கொடுக்க முடிகிறது.